ரயிலைக் கவிழ்த்த புல்டோசர்! கியூபாவின் சாந்தா கிளாராவில் ஒரு சினிமா கிளைமாக்ஸ்

ஆயுதங்களை ஏற்றிக்கொண்டு ஒரு ரயில் வருகிறது. சுற்றிலும் இரும்புத் தகடு. உள்ளே நூற்றுக்கணக்கான ராணுவ வீரர்கள். அதை மடக்கக் காத்திருப்பவர்களோ இருபது பேர்கூட இல்லை. அவர்கள் கையில் துப்பாக்கிகள், பாட்டில்களில் நிரப்பிய பெட்ரோல், கூடவே வயலில் மண் தள்ளும் ஒரு புல்டோசர்.

யாரோ ஒரு சினிமா டைரக்டர் யோசித்த காட்சி என்றுதான் தோன்றும். ஆனால், இது நிஜமாக நடந்தது. தேதி 1958 டிசம்பர் 29. இடம், கியூபாவின் நட்டநடுவே இருக்கும் சாந்தா கிளாரா. இது நடந்த மூன்றாவது நாள் விடிவதற்குள் கியூபாவின் சர்வாதிகாரி நாட்டைவிட்டே ஓடிப்போனார்.

இரண்டே வருடத்தில் இந்தச் சண்டை சினிமாவாகவும் வந்துவிட்டது. 1960-ல் தோமாஸ் குத்தியெரஸ் அலேயா இயக்கிய 'இஸ்தோரியாஸ் தெ லா ரெவொலூசியோன்' என்ற கறுப்பு வெள்ளைப் படம் அது. 'புரட்சியின் கதைகள்' என்று பொருள். மூன்று கதைகள் கொண்ட அந்தப் படத்தில் மூன்றாவது கதையின் பெயரிலேயே சாந்தா கிளாரா இருக்கிறது.

அந்த ரயிலின் சில பெட்டிகள் இன்றும் அதே ஊரில், தண்டவாளத்தின் ஓரத்திலேயே நிற்கின்றன. புல்டோசரும் நிற்கிறது. அதுவும் சிலைக்குப் போடுவதைப் போல ஒரு பீடத்தின்மேல்!

இடுப்பில் இருக்கும் ஊர்

கியூபாவின் வரைபடத்தைப் பார்த்தால், நீளமாக, ஒல்லியாக, கடலில் படுத்திருக்கும் முதலையைப் போல இருக்கும். முதலை என்பது கியூபா மக்களே தங்கள் தீவுக்குச் சொல்லும் உவமைதான். அந்த முதலையின் இடுப்புப் பகுதியில் இருக்கிறது சாந்தா கிளாரா. தலைநகர் ஹவானாவிலிருந்து கிழக்கே சுமார் 270 கிலோமீட்டர்.

ஊர் 1689-ல் உருவானது. கடற்கரைக்குப் பக்கத்தில் இருந்த ரெமெதியோஸ் என்ற ஊரிலிருந்து சில குடும்பங்கள் உள்நாட்டுக்கு வந்து குடியேறின. இந்த ஊர்க்காரர்களைச் செல்லமாக 'பிலோங்கோ' என்று அழைப்பார்கள். பழைய மாதா கோயிலின் ஞானஸ்நானத் தொட்டியிலிருந்து வந்த பெயர் அது. அந்தத் தொட்டித் தண்ணீர் தலையில் பட்டவர்கள்தான் அசல் ஊர்க்காரர்கள் என்பது கணக்கு.

இந்த ஊரைப் புரிந்துகொள்ள வேண்டுமானால் முதலில் கியூபாவின் ரயிலைப் புரிந்துகொள்ள வேண்டும். கியூபாவில் ரயில் ஓடத் தொடங்கியது 1837 நவம்பரில். அப்போது கியூபாவை ஆண்டுகொண்டிருந்த ஸ்பெயினிலேயே அன்றைக்கு ரயில் கிடையாது. அங்கே முதல் ரயில் ஓடியது 1848-ல்தான். ஆண்டவர்களுக்கு முன்பே அடிமைப்பட்ட தீவுக்கு ரயில் வந்துவிட்டது. காரணம் மக்கள்மேல் இருந்த பாசம் இல்லை, சர்க்கரை! கரும்புத் தோட்டத்திலிருந்து துறைமுகத்துக்குச் சர்க்கரையை வேகமாகக் கொண்டுபோக வேண்டியிருந்தது.

அதனால் ரயில் பாதைகள் எல்லாம் சர்க்கரை விளைந்த மேற்குப் பக்கத்திலேயே பின்னிக் கிடந்தன. சாந்தா கிளாராவுக்குக் கிழக்கே, தீவின் அடுத்த முனைவரை தொடர்ச்சியான பாதையே இல்லை. கனடாவில் கண்டம் கடக்கும் ரயில் பாதையைப் போட்டுப் பெயர் வாங்கிய வில்லியம் வான் ஹார்ன்தான் இங்கேயும் வந்தார். அவருடைய கம்பெனி சாந்தா கிளாராவிலிருந்து கிழக்கே சான்டியாகோ வரை பாதை போட்டு 1902-ல் முடித்தது.

மேற்கும் கிழக்கும் கைகுலுக்கிக்கொள்ளும் இடமாக சாந்தா கிளாரா ஆனது இப்படித்தான். தீவை இணைக்கும் முடிச்சு இந்த ஊர். அதை அவிழ்த்துவிட்டால் கியூபா இரண்டு துண்டாகிவிடும். 1958 டிசம்பரில் இரண்டு தரப்புக்குமே இது தெரிந்திருந்தது.

சக்கரம் வைத்த கோட்டை

அன்று கியூபாவை ஆண்டவர் ஃபுல்ஹென்சியோ பாட்டிஸ்டா. 1952-ல் ராணுவத்தின் துணையோடு ஆட்சியைப் பிடித்தவர். அவரை எதிர்த்து ஃபிடல் காஸ்ட்ரோவின் ஆட்கள் கிழக்கே மலைகளில் இரண்டு வருடங்களாகப் போராடிக்கொண்டிருந்தார்கள். அவர்களில் ஒரு படைக்குத் தலைவர், அர்ஜென்டினாவைச் சேர்ந்த ஆஸ்துமாக்கார டாக்டர் ஒருவர். வயது 30. பெயர், சே குவேரா.

1958 இறுதியில் சேயின் படை தீவின் நடுப்பகுதிக்கு வந்து சின்னச் சின்ன ஊர்களை ஒவ்வொன்றாகப் பிடித்துவிட்டது. பாலங்கள் உடைக்கப்பட்டன. பாதைகள் துண்டிக்கப்பட்டன. பாட்டிஸ்டாவின் ராணுவம் இதற்கு ஒரு பதில் தயார் செய்தது. அதுதான் 'த்ரென் பிளிந்தாதோ'. கவச ரயில் என்று சொல்லலாம்.

இரண்டு இன்ஜின்கள், சுமார் இருபது பெட்டிகள். சரக்குப் பெட்டிகளுக்கே இரும்புக் கவசம் போட்டிருந்தார்கள். உடைந்த பாலங்களையும் பாதைகளையும் சரிசெய்யும் பொறியியல் பிரிவு வீரர்கள் அதில் இருந்தார்கள். அவர்களோடு இயந்திரத் துப்பாக்கிகள், மோர்ட்டார்கள், பசூக்காக்கள், பெட்டி பெட்டியாகத் தோட்டாக்கள். ரயிலில் சுமார் 400 பேர் இருந்ததாகக் கணக்கு. சில பதிவுகள் 373 என்கின்றன, சில 408 என்கின்றன.

இவ்வளவு பெரிய கோட்டையைக் கட்டியவர்கள் ஒன்றை மறந்துவிட்டார்கள். எவ்வளவு கனமான கவசம் போட்டாலும், அந்தக் கோட்டை நிற்பது இரண்டே இரண்டு கம்பிகளின்மேல்.

பல்கலைக்கழகத்து புல்டோசர்

சேயின் படை டிசம்பர் 28-ம் தேதி ஊரின் எல்லைக்கு வந்தது. ஆட்கள் 300 சொச்சம்தான். ஊருக்குள்ளே ராணுவமும் போலீஸும் சேர்ந்து ஆயிரக்கணக்கில் இருந்தார்கள். டாங்கிகள் இருந்தன. தலைக்குமேல் விமானங்கள் குண்டு வீசின.

போராளிகள் முதலில் தங்கியது ஊருக்கு வெளியே இருந்த பல்கலைக்கழகத்தில். அதற்கு மார்த்தா அப்ரேயு என்ற பெண்மணியின் பெயர். அங்கே பாடம் நடத்திக்கொண்டிருந்த புவியியல் பேராசிரியர் அந்தோனியோ நூன்யெஸ் ஹிமெனெஸ் சேயோடு சேர்ந்திருந்தார். அந்த வட்டாரத்தின் ஒவ்வொரு மண் பாதையும் அவருக்கு அத்துப்படி. ஊரை நன்றாக அறிந்த இன்னொருவர் அலெய்தா மார்ச். தலைமறைவு இயக்கத்தில் வேலை செய்த இந்தப் பெண்தான் மறு வருடம் சேயைத் திருமணம் செய்துகொண்டவர்.

கவச ரயில், ஊரின் வடகிழக்கே காப்பிரோ என்ற குன்றின் அடிவாரத்தில் நின்றிருந்தது. குன்றின்மேலும் ராணுவத்தினர் இருந்தார்கள். குன்றைப் பிடித்தால் ரயில் நகரும், ஊருக்குள் இருக்கும் பெரிய முகாமை நோக்கிப் பின்வாங்கும் என்று போராளிகள் கணித்தார்கள். அது திரும்பி ஓடும் வழியில் தண்டவாளமே இல்லாமல் போனால்?

பல்கலைக்கழகத்தின் விவசாயப் பிரிவில் கேட்டர்பில்லர் டி-6 ரக புல்டோசர்கள் இருந்தன. மண்ணைத் தள்ளவும் நிலத்தைச் சமப்படுத்தவும் வாங்கிய வண்டிகள். அவற்றை ஓட்டிவந்து, குன்றுக்கும் ஊருக்கும் நடுவே தண்டவாளத்தைப் பெயர்த்துப் போட்டார்கள். வேலை முடிந்தது. இனி காத்திருக்க வேண்டியதுதான்.

அடுப்பாக மாறிய ரயில்

டிசம்பர் 29. குன்றின்மேல் தாக்குதல் தொடங்கியது. கையெறி குண்டுகளோடு போராளிகள் மேலே ஏற, அங்கிருந்த வீரர்கள் இறங்கிவந்து ரயிலுக்குள் புகுந்துகொண்டார்கள். கணக்குப் போட்டதைப் போலவே ரயில் ஊரை நோக்கி வேகமெடுத்தது.

தண்டவாளம் இல்லாத இடத்துக்கு வந்ததும் இன்ஜின் தடம்புரண்டது. பின்னாலேயே வந்த பெட்டிகள் ஒன்றன்மேல் ஒன்று மோதிச் சரிந்தன. பக்கத்திலேயே பதுங்கியிருந்த சின்னக் குழு சுடத் தொடங்கியது. அவர்கள் 18 பேர் என்பது கியூபா அரசு சொல்லும் கணக்கு.

இனிமேல்தான் கதையின் திருப்பம். துப்பாக்கிக் குண்டு துளைக்காத இரும்புத் தகடு, நெருப்புக்கு என்ன செய்யும்? பெட்ரோல் நிரப்பிய பாட்டில்கள் பெட்டிகளின்மேல் வந்து விழ, உள்ளே இருந்தவர்களுக்கு மூச்சு முட்டியது. காப்பாற்ற வேண்டிய கவசமே கொதிக்கும் அடுப்பானது. வெளியே வந்தால் குண்டு, உள்ளே இருந்தால் நெருப்பு.

சில மணி நேரத்தில், மாலைக்குள், ரயிலில் இருந்தவர்கள் சரணடைந்தார்கள். அத்தனை ஆயுதமும் போராளிகளின் கைக்குப் போனது. ஹவானாவிலிருந்து அவர்களை அழிக்க வந்த துப்பாக்கிகளைக் கொண்டே அடுத்த இரண்டு நாள்கள் ஊருக்குள் சண்டை போட்டார்கள்.

அந்தச் சண்டையில் இரண்டு பக்கமும் உயிர்கள் போயின. போராளிகள் பக்கம் பெரிய இழப்பு, 'எல் வகெரீத்தோ' என்று எல்லோரும் அழைத்த ரொபெர்த்தோ ரோத்ரிகெஸ். 'குட்டி மாட்டுக்காரன்' என்று அர்த்தம். உயரம் குறைவான, ஓயாமல் கதை விடுகிற, துணிச்சலான இளைஞர். 23 வயது. ஆபத்தான இடங்களுக்கு முதலில் போகும் குழுவின் தலைவர். ரயில் சரணடைந்த மறுநாள், போலீஸ் நிலையத்தைத் தாக்கியபோது குண்டடிபட்டு இறந்தார். வெற்றியைப் பார்க்க அவருக்கு இரண்டு நாள்கள்தான் பாக்கி இருந்தது.

1959 ஜனவரி 1 அதிகாலை. ஹவானாவில் புத்தாண்டு விருந்து முடிந்த கையோடு பாட்டிஸ்டா விமானம் ஏறி டொமினிக்கன் குடியரசுக்குப் பறந்தார். அன்றே சாந்தா கிளாராவின் பெரிய ராணுவ முகாமும் சரணடைந்தது.

பிடித்ததா? விற்றதா?

இந்தக் கதைக்கு இன்னொரு வடிவமும் உண்டு. கியூபாவைவிட்டு வெளியேறியவர்கள் பலர் அதைத்தான் சொல்வார்கள். 'ரயிலை யாரும் பிடிக்கவில்லை, அதிகாரிகள் விற்றுவிட்டார்கள்' என்பது அவர்கள் வாதம்.

சந்தேகத்துக்குக் காரணம் இருக்கிறது. ரயிலுக்குப் பொறுப்பான பொறியியல் படைத் தலைவர் கர்னல் ஃப்ளோரென்டினோ ரோசெல், சண்டை தொடங்குவதற்கு முன்பே படகேறி அமெரிக்காவுக்குத் தப்பிவிட்டார். தலைவனே போன பிறகு தொண்டன் எதற்காகச் சாக வேண்டும்?

பணம் கைமாறியதா என்பதில் இரண்டு தரப்பும் இன்றுவரை ஒத்துப்போகவில்லை. ஆனால், இரண்டு தரப்புக் கதையிலும் பொதுவாக ஒன்று இருக்கிறது. பெட்டிக்குள் இருந்த வீரர்களுக்குச் சண்டை போட மனமில்லை. மேலே இருப்பவர்கள் தப்பிக்க வழி பார்த்துக்கொண்டிருந்த நேரத்தில், யாருக்காகவோ அந்த இரும்புப் பெட்டிக்குள் வேக அவர்கள் தயாராக இல்லை. நானூறு பேரை இருபது பேர் வென்றதற்குப் பெரிய காரணம், அந்த நானூறு பேரும் மனதுக்குள் ஏற்கெனவே தோற்றிருந்ததுதான். புல்டோசர் தண்டவாளத்தைப் பெயர்ப்பதற்கு வெகுநாள் முன்பே, அந்த ஆட்சியின் கீழிருந்த பிடிமானம் பெயர்ந்துவிட்டது.

பெட்டிக்குள் ஒரு மியூசியம்

இன்று சாந்தா கிளாராவுக்குப் போகிறவர்கள், ஊர் மையத்திலிருந்து கமஹுவானி சாலையில் கிழக்கே நடந்தால், கொஞ்ச நேரத்தில் ஒரு சின்ன ஆற்றைத் தாண்டி அந்த இடத்துக்கு வந்துவிடலாம். வேலி, வாயில், பிரமாண்டமான கட்டடம் என்று எதையும் எதிர்பார்த்துப் போனால் ஏமாற்றம்தான். சாலை, லெவல் கிராஸிங், பக்கத்தில் புல்தரை. அதில் தடம்புரண்ட கோலத்திலேயே கோணல்மாணலாக நிற்கின்றன ரயில் பெட்டிகள்.

நடுவில் வெள்ளை கான்கிரீட் தூண்கள் வெவ்வேறு திசையில் சரிந்து நிற்கும். குண்டு வெடித்துச் சிதறும் கணத்தை அப்படியே உறையவைத்த மாதிரி இருக்கும். கியூபாவின் புகழ்பெற்ற சிற்பி ஹோசே டெலாரா செய்தது. பெட்டிகளுக்குள்ளே ஏறினால் மியூசியம். அன்றைய துப்பாக்கிகள், புகைப்படங்கள், வீரர்கள் பயன்படுத்திய பொருள்கள். உள்ளே ஐந்து நிமிடம் நின்றாலே கரீபியன் வெயிலில் இரும்புப் பெட்டி எப்படி இருக்கும் என்பது புரிந்துவிடும். அன்றைக்கு அந்த வெயிலோடு நெருப்பும் சேர்ந்திருந்தது.

ஆனால், போகிறவர்கள் அதிகம் போட்டோ எடுப்பது ரயிலை இல்லை. சாலையோரம் தனியாக, உயரமான பீடத்தில் ஏறி நிற்கும் மஞ்சள் நிற புல்டோசரைத்தான்! உலகத்தில் குதிரைமேல் வீரர்கள் நிற்கும் பீடங்கள் ஏராளம். மண் தள்ளும் வண்டிக்குப் பீடம் கட்டிய ஊர் அபூர்வம்.

அங்கிருந்து இன்னும் கொஞ்ச தூரம் நடந்தால், கையில் ஒரு குழந்தையோடு நடந்துவரும் சேயின் சிலை இருக்கிறது. ஸ்பெயினைச் சேர்ந்த சிற்பி காஸ்தோ சோலானோ செய்தது. ஆளுயரச் சிலைதான். உற்றுப் பார்த்தால், உடையின் மடிப்பிலும் பெல்ட்டிலும் தோளிலும் குட்டிக் குட்டி மனிதர்கள் ஒளிந்திருப்பார்கள். குழந்தைகளோடு போகிறவர்களுக்கு அவர்களைக் கண்டுபிடிப்பதே ஒரு விளையாட்டு.

காப்பிரோ குன்றின்மேல் படியேறினால் மொத்த ஊரும் கீழே தெரியும். ஓட்டு வீடுகள், மரங்கள், தூரத்தில் ரயில் பாதையின் கோடு. அந்த ரயில் ஏன் இங்கே நின்றது, எந்தப் பக்கம் ஓடப் பார்த்தது என்பது இங்கிருந்து பார்த்தால் ஒரு நொடியில் விளங்கும்.

குண்டுத் துளைகளோடு ஒரு ஹோட்டல்

ஊரின் மையம் விதால் பூங்கா. மாலையானால் மொத்த ஊரும் இங்கேதான். பெஞ்சுகளில் தாத்தாக்கள், போனில் மூழ்கிய இளைஞர்கள், பலூன் கேட்டு அழும் குழந்தைகள். ஒரு காலத்தில் இதே பூங்காவில் வெள்ளையர் நடக்க ஒரு பாதை, கறுப்பினத்தவர் நடக்க வேறு பாதை இருந்தது. இன்று யார் எங்கே வேண்டுமானாலும் உட்காரலாம்.

பூங்காவை ஒட்டி 1885-ல் கட்டிய 'லா கரிதாத்' தியேட்டர் இருக்கிறது. 'தர்மம்' என்று அர்த்தம். பல்கலைக்கழகத்துக்குப் பெயர் கொடுத்த அதே மார்த்தா அப்ரேயு, இதில் வரும் வருமானம் ஏழைகளுக்குப் போக வேண்டும் என்று சொந்தப் பணத்தில் கட்டினார். ஆற்றங்கரையில் ஏழைப் பெண்கள் துணி துவைக்கக் கல் மேடைகள் கட்டிக் கொடுத்தவரும் அவர்தான். சே வருவதற்கு எழுபது வருடம் முன்பே இந்த ஊருக்கு ஒரு தலைவி இருந்தார்.

தியேட்டரைத் தாண்டிப் பார்த்தால் பச்சை நிறத்தில் ஒரு உயரமான கட்டடம். சாந்தா கிளாரா லிப்ரே ஹோட்டல். 1958-ல் இதன் மேல் மாடிகளிலிருந்து அரசுத் தரப்பு ஆட்கள் குறிபார்த்துச் சுட்டார்கள். கீழேயிருந்து பதிலுக்குச் சுட்டதில் சுவரெல்லாம் ஓட்டை. ஹோட்டலுக்குப் பலமுறை பெயின்ட் அடித்தாயிற்று. அந்த ஓட்டைகளை மட்டும் இன்னும் அடைக்கவில்லை. வேண்டுமென்றேதான்!

கேமராவுக்குள் போன ரயில்

புரட்சி நடந்து மூன்று மாதத்துக்குள், 1959 மார்ச்சில், புதிய அரசு சினிமாவுக்கென்று ஒரு நிறுவனம் தொடங்கியது. சுருக்கமாக 'இகாய்க்' என்பார்கள். நாட்டில் ஆயிரம் பிரச்னைகள் இருக்கும்போது சினிமாவுக்கு ஒரு நிறுவனமா என்று ஆச்சர்யமாக இருக்கலாம். எழுதப் படிக்கத் தெரியாதவர்கள் நிறையப் பேர் இருந்த நாட்டில் திரைக்கு இருக்கும் பலம் அவர்களுக்குத் தெரிந்திருந்தது.

அந்த நிறுவனத்தின் கதைப்படங்களில் முதலில் திரைக்கு வந்தது அலேயாவின் படம்தான். அவர் ரோம் நகரில் சினிமா படித்தவர். ஒளிப்பதிவுக்கும் இத்தாலியிலிருந்தே ஆளை அழைத்துவந்தார். ஒட்டெல்லோ மார்தெல்லி. ஃபெலினியின் 'லா டோல்சே வீட்டா' படத்தைப் படம்பிடித்த அதே கேமராமேன். முதலில் ஐந்து கதைகளாகத் திட்டமிட்ட படம், கடைசியில் மூன்று கதைகளாக வெளிவந்தது.

வருடங்கள் கழித்து, 2008-ல், அமெரிக்க இயக்குநர் ஸ்டீவன் சோடர்பெர்க் 'சே' படத்தின் முதல் பாகத்தை இதே சாந்தா கிளாரா சண்டையோடு முடித்தார். சேயாக நடித்த பெனீசியோ டெல் டோரோவுக்கு கான் விழாவில் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. ஆனால், அமெரிக்காவின் பொருளாதாரத் தடையால் கியூபாவில் படம்பிடிக்க முடியவில்லை. மெக்சிகோவிலும் போர்ட்டோ ரிக்கோவிலும் கியூபாவை உருவாக்க வேண்டியிருந்தது. உண்மையான ரயில் பெட்டிகள் சாந்தா கிளாராவில் நின்றுகொண்டே இருந்தன. சினிமாவுக்கு மட்டும் வேறொரு ரயில்!

பெட்டிக்குள் இல்லாத பக்கங்கள்

எந்த மியூசியமும் எல்லாவற்றையும் சொல்வதில்லை. வெற்றி பெற்றவர்கள் கட்டிய மியூசியம் இன்னும் கொஞ்சம் குறைவாகவே சொல்லும்.

சண்டை முடிந்த கையோடு சாந்தா கிளாராவில் துப்பாக்கிகள் ஓய்ந்துவிடவில்லை. பாட்டிஸ்டாவின் ராணுவ, போலீஸ் அதிகாரிகள் சிலர் அவசர அவசரமாகச் சுட்டுக்கொல்லப்பட்டார்கள். ஊரின் போலீஸ் தலைவராக இருந்த கொர்னேலியோ ரோஹாஸைச் சுட்டது கேமராவில் பதிவாகி, டி.வி-யிலும் வந்தது. அவர்களில் சிலர் கொடுமைக்காரர்கள் என்று ஊரே சொன்னது உண்மை. முறையான விசாரணை இல்லாமல் நடந்தது என்பதும் உண்மை. ஹவானாவுக்குப் போன பிறகு, லா கபானியா கோட்டையில் நடந்த மரண தண்டனைகளுக்கு சேயே பொறுப்பில் இருந்தார்.

அதனால்தான் அவர் முகம் பதித்த டி-ஷர்ட்டை உலகம் முழுக்க இளைஞர்கள் பெருமையோடு அணியும்போது, மியாமியில் வாழும் பல கியூபா குடும்பங்கள் அதைப் பார்த்தாலே முகத்தைத் திருப்பிக்கொள்கின்றன. சாந்தா கிளாராவுக்குப் போகிறவர்கள் இந்த இரண்டையும் மனதில் வைத்துக்கொண்டு போவது நல்லது. அப்போதுதான் அந்த ஊர் வெறும் செல்ஃபி ஸ்பாட்டாக முடிந்துபோகாது.

திரும்பி வந்தவர்

1967-ல் பொலிவியாவில் சே கொல்லப்பட்டார். உடல் எங்கே புதைக்கப்பட்டது என்பது முப்பது வருடம் ரகசியமாக இருந்தது. 1997-ல் எலும்புகள் கண்டெடுக்கப்பட்டன. அக்டோபர் 17 அன்று, ஹவானாவில் இல்லை, சாந்தா கிளாராவில்தான் அவற்றை அடக்கம் செய்தார்கள். ஃபிடல் காஸ்ட்ரோ ஏற்றிய சுடர் உள்ளே எரிகிறது. போட்டோவுக்கு அனுமதி இல்லை. பேச்சுச் சத்தமும் தானாகவே அடங்கிவிடும்.

வெளியே ஓங்கி நிற்கும் வெண்கலச் சிலையும் டெலாரா செய்ததுதான். ஒரு கையில் துப்பாக்கி. மறு கையில் கட்டு. இந்த ஊரைப் பிடிக்க வந்தபோது வழியில் விழுந்து கையை முறித்துக்கொண்டதன் அடையாளம். சிலையிலும் அந்தக் கட்டை அவிழ்க்கவில்லை.

போவதென்றால்...

ஹவானாவிலிருந்து 'வியாசூல்' பஸ்ஸில் சுமார் நான்கு மணி நேரம். நான்கைந்து பேர் சேர்ந்தால் ஷேர் டாக்ஸியும் கிடைக்கும். ஊருக்குள் குதிரை வண்டிகள்தான் பலருக்கு டவுன் பஸ். தங்குவதற்கு ஹோட்டலைவிட 'காசா பர்த்திகுலார்' நல்லது. குடும்பங்கள் தங்கள் வீட்டிலேயே அறை வாடகைக்குத் தருவார்கள். வீட்டுச் சாப்பாடும் கிடைக்கும். பீன்ஸ் சேர்த்துச் சமைத்த 'கோங்க்ரி' சோறு, வறுத்த வாழைக்காய் என்று நம் நாக்குக்கு அந்நியமாக இருக்காது. வெயிலுக்குக் கரும்புச்சாறு உண்டு.

அமெரிக்க வங்கிகளின் கார்டுகள் வேலை செய்யாது. கையில் ரொக்கம் முக்கியம். கியூபா இப்போது கடுமையான நெருக்கடியில் இருக்கிறது. 2024 அக்டோபரில் நாடு முழுக்கவே ஒரே நேரத்தில் மின்சாரம் போனது. எரிபொருள், மருந்து என எல்லாவற்றுக்கும் தட்டுப்பாடு. கிளம்புவதற்கு முன் நிலைமையை விசாரித்துக்கொள்ள வேண்டும். டார்ச், பவர் பேங்க், தேவையான மாத்திரைகள் கட்டாயம். தங்கும் வீட்டுக்குச் சோப்பு, பேனா, வலி மாத்திரை என்று கொஞ்சம் கொண்டுபோனால், பணத்தைவிட அதற்கு அதிகம் சந்தோஷப்படுவார்கள்.

ரயிலில் போக முடியுமா? முடியும். 2019-ல் சீனாவிலிருந்து புதுப் பெட்டிகள் வந்தன. ஹவானா - சான்டியாகோ நீண்ட தூர ரயில் இந்த ஊர் வழியாகத்தான் போகிறது. ஆனால், தினமும் கிடையாது, நேரத்துக்கு வரும் என்ற உத்தரவாதமும் கிடையாது. ஸ்பெயினுக்கு முன்பே ரயில் ஓட்டிய நாட்டில், இன்று ரயிலுக்காகக் காத்திருப்பதே பாதி வாழ்க்கை.

சாந்தா கிளாராவின் ரயில் நிலையத்தில் மூட்டை முடிச்சுகளோடு உட்கார்ந்திருப்பவர்களுக்கு, ஒரு காலத்தில் ஒரு ரயிலை வரவிடாமல் செய்துதான் தங்கள் ஊர் சரித்திரத்தில் இடம்பிடித்தது என்பது நன்றாகத் தெரியும். பள்ளிக்கூடத்திலேயே படித்திருப்பார்கள். அந்த ரயில் நின்றே போனது. அவர்கள் காத்திருப்பதோ, ஓடுகிற ஒரு ரயிலுக்காக!